கூப்பிட்டால் வருகிறவர்

என் கல்யாணத்தன்று, முகூர்த்தத்துக்கு அரை மணி நேரம் இருக்கும்போது, பட்டு வேட்டியோடு மணையில் உட்கார்ந்திருந்த என்னை விட்டுவிட்டு எல்லோரும் மாமாவைத் தேடிக்கொண்டிருந்தார்கள். மாமா என்றால் என் அக்கா புருஷன். அவர் எங்கும் தொலைந்து போய்விடவில்லை. புத்தூரில் மண்டபம் இருந்த தெருவின் முனையில், பஞ்சர் கடை நிழலில், கஞ்சி போட்ட வெள்ளை வேட்டி சட்டையோடு நின்றுகொண்டிருந்தார். விஷயம் இதுதான். நான் பத்திரிகை வைக்கப் போன அன்று அவர் கழனியில் இருந்தார். நான் அவசரத்தில் தட்டை அக்காவிடம் கொடுத்து, மாமாகிட்ட சொல்லிடு என்று கிளம்பி வந்துவிட்டேன்.

“எம் பொண்டாட்டிக்கு அழைப்பு வந்துது, அவ உள்ள கீறா. எனக்கு யாரு சொன்னாங்க?” என்று பஞ்சர் கடைக்காரரிடம் நியாயம் கேட்டுக்கொண்டிருந்தாராம்.

கடைசியில் என் நைனாவே போய்க் கையைப் பிடித்து, “வாங்க மாப்ள, நீங்க இல்லாம இன்னா கல்யாணம்?” என்று அழைத்து வந்தார். வந்த மனிதர் அடுத்த நிமிஷம் சட்டைக் கையை மடித்துவிட்டுப் பந்தியில் சாம்பார் வாளியைத் தூக்கிவிட்டார். முகத்தில் துளி கோபம் இல்லை. எங்களுக்கு எரிச்சலே அதில்தான். கோபம் என்றால் சமாதானம் பண்ணலாம். இவருக்கு இது கொள்கை.

வீட்டிலும் அப்படித்தான். சோறு வெந்த வாசனை தெருவரைக்கும் வந்தாலும் “வாங்க, துன்னலாம்” என்று அக்கா வாயால் சொன்னால்தான் எழுந்து வருவார். சண்டை போட்ட நாட்களில் அக்கா வேண்டுமென்றே சொல்லமாட்டாள். அவர் பாட்டுக்குப் பட்டினியாகப் படுத்துவிடுவார். நடுச்சாமத்தில் அக்காவுக்கே மனசு கேட்காமல் எழுந்து தட்டைப் போடுவாள். நான் திருப்பதியில் பஸ் ஸ்டாண்டு பக்கத்து லாட்ஜ் ஒன்றில் மேனேஜர். எத்தனையோ பேருக்கு ரூம் போட்டுக் கொடுத்து மலைக்கு அனுப்பியிருக்கிறேன். சொந்த மாமாவை ஒருமுறை அனுப்ப முடியவில்லை. “பெருமாள் கூப்டணும் மச்சான். கூப்ட்டா நடந்தே ஏறிடுவேன்” என்பார். பெருமாள் கூப்பிட்டது அவருக்கு எப்படித் தெரியும் என்று கேட்டால், “கூப்ட்டாத் தெரியாதா?” என்று என்னையே திருப்பிக் கேட்பார்.

இதற்கு இன்னொரு பக்கம் உண்டு. அதைச் சொல்லாவிட்டால் அவரை வீம்பு பிடித்தவர் என்று நினைத்துவிடுவீர்கள். அவர் வீட்டு விசேஷத்துக்கு ஊரில் ஒரு வீட்டை விடமாட்டார். தெலுங்குக் குடும்பம், தமிழ்க் குடும்பம், காலனிக்காரர்கள், செங்கல் சூளைக்கு வந்து தங்கியிருக்கும் வெளியூர் ஆட்கள் என்று எல்லார் வாசலுக்கும் தட்டோடு போவார். பேச்சு இல்லாத வீடாக இருந்தால் கேட்டுக்கு வெளியிலேயே நின்று, “நாளிக்கி நம்ம வூட்ல விசேஷம், வந்துடுங்க” என்று சொல்லிவிட்டுத் திரும்புவார். ஒருமுறை ஏரித் தண்ணீர் முறையில் ஏதோ தகராறு. சத்தியவேடு பக்கத்தில் எல்லா ஊரிலும் நடக்கிற தகராறுதான். புருஷன் செத்துப்போன ஒரு பெண்ணின் முறையைக் குறைத்து, அவள் இல்லாமலே ஊரில் பேசி முடித்துவிட்டார்கள். எல்லோரும் துண்டை உதறி எழுந்திருக்கும்போது மாமா கேட்டார்.

“அவுங்கள கூப்டீங்களா?”

“கூப்ட்டா மட்டும் இன்னா சொல்லப்போறா?”

“அத அவுங்கதான சொல்லணும். கூப்டாம பேசனா அது பேச்சு இல்ல. மறுபடியும் ஒக்காருங்க.”

திட்டிக்கொண்டே மறுபடியும் உட்கார்ந்தார்கள். அவள் வந்து பேசினாள். முறை மாறவில்லை, குறைத்தது குறைத்ததுதான். ஆனால் அவளைக் கூப்பிட்டுக் கேட்டார்கள் என்பதிலேயே மாமாவுக்குத் திருப்தி. அப்போதே எனக்கு இது சரியாகப் படவில்லை. கேட்டுவிட்டு அதையேதான் செய்வார்கள் என்றால் எதற்கு இந்தக் கூப்பாடு என்று சண்டை போட்டேன். “நீ டவுன்காரன் ஆயிட்ட மச்சான்” என்று சிரித்தார்.

அவர் மகள் கோமதி, என் அக்கா பெற்ற ஒரே பெண், ஸ்ரீசிட்டி பக்கம் ஒரு கம்பெனியில் வேலை பார்த்தாள். கம்பெனி பஸ் கூட்ரோட்டில் இறக்கிவிடும். அங்கிருந்து ஊருக்கு நடந்து வரவேண்டும். ஒரு நாள் சாயங்காலம் கிராவல் ஏற்றிய டிப்பர் லாரி ஒன்று அவளை அடித்துப் போட்டுவிட்டு நிற்காமல் போய்விட்டது. வெளிச்சம் நன்றாக இருந்த நேரம். பார்த்தவர்கள் உண்டு. நம்பரைப் பார்த்தேன் என்று சொல்ல ஆள் இல்லை. அந்த ரோட்டில் டிப்பர் ஓட்டுகிறவர்கள் யார், யாருடைய ஆட்கள் என்று தெரிந்தவர்களுக்கு, ஏன் ஆள் இல்லை என்பதும் தெரியும்.

புகார் கொடுத்தது மாமாதான். தெலுங்கில் எழுதிப் படித்துக் காட்டினார்கள். மாமா தமிழில் கையெழுத்துப் போட்டார். எஸ்.ஐ. மரியாதையான மனிதர் போலத்தான் இருந்தார். எழுந்து நின்று மாமாவின் தோளைத் தொட்டு, “மேமு பிலுஸ்தாம், மீரு வெள்ளண்டி” என்றார். நாங்களே கூப்பிடுகிறோம், நீங்கள் போங்கள் என்று அர்த்தம். அந்த ஸ்டேஷனில் தினமும் பத்துப் பேருக்குச் சொல்லுகிற வார்த்தை. சொன்னவருக்கு ஜீப் ஏறுமுன் மறந்திருக்கும். மாமா அதைச் சத்தியமாக எடுத்துக்கொண்டார்.

கருமாதி முடிந்த கையோடு அவரே ஒரு விஷயத்தைக் கண்டுபிடித்தார். கூட்ரோட்டுக்குச் சற்று முன்னால் லாரிகளை எடை போடுகிற வே பிரிட்ஜ் ஒன்று இருக்கிறது. அங்கிருந்த வாட்ச்மேன் இவருக்குப் பழக்கம். “அந்தக் கேமரா ரோட்டப் பாத்துக்கினுதான் கீது மச்சான். அந்நேரம் போன வண்டியெல்லாம் அதுல இருக்கும்” என்று எனக்குப் போன் பண்ணினார். குரலே மாறியிருந்தது.

“ஒடனே ஸ்டேஷனுக்குப் போய்ச் சொல்லு மாமா.”

“கூப்புடுவாங்க இல்ல, அப்ப சொல்றேன்.”

எனக்கு வந்த ஆத்திரத்தில் லீவு போட்டுவிட்டு ரேணிகுண்டா வழியாகப் பஸ் மாறி ஊருக்குப் போனேன். அவரை இழுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனால் கேட்டுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார். நான் உள்ளே போய்க் கேமரா விஷயத்தைச் சொன்னேன். எஸ்.ஐ. நிதானமாகக் கேட்டார். நல்லது, அந்த இடத்தைக் காட்டச் சொல்லி உங்கள் மாமாவையே கூப்பிடுகிறோம் என்று தெலுங்கில் சொன்னார். எழுதிக்கொள்ளவில்லை. வெளியே வந்து சொன்னதும், “பாத்தியா, கூப்புடுறன்னு சொல்லிட்டாரு” என்று மாமா என் முதுகில் தட்டினார். அவ்வளவு சந்தோஷம்.

அதற்கப்புறம் அந்த மனிதர் காத்திருந்த அழகை என்னவென்று சொல்வது. போனைச் சட்டைப் பையை விட்டு எடுக்கமாட்டார். குளிக்கும்போது பாலிதீன் கவரில் போட்டுப் பக்கத்தில் தொங்கவிட்டுக்கொள்வார். ஏரிக் கரைக்கு அந்தப் பக்கம் இருந்த கழனியில் சிக்னல் கிடைக்காது என்று அங்கே போவதையே விட்டுவிட்டார். நாற்று முற்றிப் போயிற்று. திருப்பதிக்கு வந்து கொஞ்ச நாள் எங்களோடு இருங்கள் என்று என் மனைவியே போனில் கூப்பிட்டாள், முறையாகக் கூப்பிட்டாள். “நான் அங்க வந்துக்கினு கீறப்ப இவங்க கூப்ட்டா?” என்றார்.

எஸ்.ஐ. மாற்றலாகிப் போனார். வேறொருவர் வந்தார். கோமதியின் கம்பெனியில் ஏதோ காகிதம் கேட்டார்கள் என்று எஃப்.ஐ.ஆர். நகல் வாங்க நான் ஸ்டேஷனுக்குப் போனபோது, ரைட்டர் தலையைத் தூக்காமலே சொன்னார். அந்தக் கேஸ் முடிந்துவிட்டது. வண்டி எது என்று கண்டுபிடிக்க முடியவில்லை என்று அறிக்கை போட்டாயிற்று. கோர்ட்டும் ஒத்துக்கொண்டாயிற்று.

மாமாவைக் கூட்டிக்கொண்டு திருப்பதியில் எங்கள் லாட்ஜுக்குப் பின்தெருவில் இருந்த வக்கீலம்மாவிடம் போனேன். சித்தூர்க்காரர், தமிழ் நன்றாகப் பேசுவார். முழுவதையும் கேட்டுவிட்டு மாமாவைப் பார்த்துச் சொன்னார்.

“பெரியவரே, புகார் குடுத்தது நீங்க. உங்களுக்குச் சொல்லாம அவங்க மூட முடியாது. மூடறோம், உனக்கு ஆட்சேபணை இருந்தா கோர்ட்டுல சொல்லுன்னு போலீஸ் உங்களுக்கு நோட்டீஸ் குடுக்கணும். கோர்ட்டும் உங்களக் கூப்ட்டுக் கேட்டுட்டுத்தான் முடிவு பண்ணணும். நீங்க ஆட்சேப மனு போட்டா, மறுபடியும் விசாரின்னு போலீசுக்கு ஜட்ஜ் சொல்லலாம். போலீஸ் வேணாம்னாலும் கேஸ எடுத்துக்கலாம்.”

மாமா நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டார். “கூப்டாம மூடக்கூடாதுன்னு சட்டத்துலயே கீதாம்மா?”

“இருக்கு.”

“பாத்தியா மச்சான்!” என்றார். மகள் செத்த பிறகு அவர் முகம் அப்படி மலர்ந்து நான் பார்த்தது அந்த ஒரு நாள்தான். ஊரெல்லாம் கேலி பண்ணிய அவருடைய கொள்கையைச் சர்க்கார் புத்தகம் போட்டு வைத்திருக்கிறது. ஏரித் தகராறில் தான் கேட்டதையே சட்டமும் கேட்கிறது என்று வழியெல்லாம் அதையே பேசிக்கொண்டு வந்தார்.

வக்கீலம்மா கோர்ட்டில் நகல் எடுத்துப் பார்த்துவிட்டு எங்களை மறுபடி வரச் சொன்னார். நோட்டீஸ் கொடுத்தாயிற்று என்று போலீஸ் சொல்லியிருக்கிறது. பக்கத்து வீட்டில் இருக்கிற மாமாவின் தம்பி வாங்கிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். கோர்ட்டு உத்தரவில் ஒரு வரி இருந்தது. அதைத் தயங்கித் தயங்கித்தான் படித்தார்: புகார்தாரர் கூப்பிடப்பட்டார், வரவில்லை.

மாமாவுக்கு முதலில் புரியவில்லை. “யாரு வரல?”

“நீங்க வரலன்னு எழுதியிருக்காங்க. இது கோர்ட்டுல வழக்கமா எழுதற வரிதான், மனசுல வெச்சுக்காதீங்க.”

“என்னக் கூப்ட்டாங்களாம், நான் போவலயாம்மா?”

கேஸ் மூடியது தெரிந்த அன்று தலையைத் தொங்கப் போட்டவர், இந்த வரியைக் கேட்டு அழுதார். எனக்கு அவர் மேலேயே கோபம் வந்தது. பெண்ணைக் கொன்றவன் வண்டி ஓட்டிக்கொண்டிருக்கிறான், இவர் ஒரு வரிக்கு அழுகிறாரே என்று. இப்போது யோசித்தால், அவரிடம் மிச்சமிருந்த ஒரே சொத்தையும் அந்த வரி பிடுங்கிக்கொண்டது என்று தோன்றுகிறது.

இதைச் சரி பண்ண வேண்டுமானால் சித்தூருக்கு, மேல் கோர்ட்டுக்குப் போகவேண்டும். தாமதத்துக்குக் காரணம் சொல்லவேண்டும். நோட்டீஸ் தன் கையில்தான் இருந்தது, அண்ணனிடம் கொடுக்கவில்லை என்று தம்பி எழுதிக் கொடுக்கவேண்டும். சிக்கலே அங்கேதான். அண்ணன் தம்பி இருவரும் ஒரே சுவருக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இருக்கிறார்கள். பேச்சு இல்லை. தம்பி புது வீடு கட்டிக் குடி போனபோது தன் மகனை அனுப்பி அழைத்தார். பொடியனையா அனுப்பினான் என்று மாமா போகவில்லை. பதிலுக்குக் கோமதியின் மஞ்சள் நீராட்டுக்குத் தம்பியை மட்டும் அழைக்கவில்லை. ஊர் முழுக்கத் தட்டோடு சுற்றிய மனிதர், பக்கத்து வாசலைத் தாண்டிப் போனார்.

நான் தம்பியிடம் பேசிப் பார்க்கிறேன் என்றேன். மாமா வேண்டாம் என்றார். அன்று சாயங்காலம் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டார். தட்டில் வெற்றிலை பாக்கு, வாழைப்பழம் வைத்துக்கொண்டு தம்பி வீட்டுக் கேட்டுக்கு வெளியே போய் நின்றார். நான் பின்னால் நின்றேன்.

“சித்தூரு கோர்ட்டுல நம்ம கோமதி கேஸ் வருது. வந்து ஒரு வார்த்தை சொல்லணும். அவசியம் வந்துடணும்.”

கல்யாணத்துக்கு அழைக்கிற அதே குரல். தம்பி கேட்டுக்கு உள்ளேயே நின்று தட்டை வாங்கிக்கொண்டார். அப்புறம்தான் வாய் திறந்தார்.

“கான்ஸ்டபிள் வந்தப்ப நீ ரேஷனுக்குப் போயிருந்த. வாங்கிக்கோன்னாரு, வாங்கனேன். உங்கிட்டப் பேச்சு இல்ல, நான் எப்டி உன் வூட்டுக்கு வர்றது? பையன்கிட்ட குடுத்து அனுப்பலாம்னு பாத்தேன். பையன அனுப்புனதுக்குத்தான அன்னிக்கி என்ன அசிங்கமாப் பேசன. நீயாக் கூப்ட்டுக் கேப்பன்னு வெச்சிக்கினு இருந்தேன் ணா.”

கெட்ட வார்த்தை ஒன்று என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. மாமா தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். தம்பி சொன்னதில் அவருக்குத் தப்பு எதுவும் தெரியவில்லை என்பதுதான் கொடுமை.

தம்பி வந்தார். மாவட்டம் இரண்டாகப் பிரிந்தபிறகும் எங்கள் கேஸுக்குப் பெரிய கோர்ட்டு சித்தூர்தான். பாகாலா வழியாக ரயிலில் போனோம். அண்ணன் தம்பி எதிரெதிர் சீட்டில் உட்கார்ந்து, இருவருமே ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார்கள். மேல் கோர்ட்டு நியாயமாக நடந்துகொண்டது. புகார் கொடுத்தவரைக் கேட்காமல் மூடியது செல்லாது, கூப்பிட்டுக் கேட்டு முடிவு செய்யுங்கள் என்று கீழ்க் கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பியது. “கூப்ட்டும் வரலன்ற வரி போயிடுச்சாம்மா?” என்று மாமா கேட்டார். போய்விட்டது என்றார் வக்கீலம்மா.

கீழ்க் கோர்ட்டில் அவர் பேரைக் கூப்பிட்ட அன்று நானும் இருந்தேன். “வந்துட்டேன் ஐயா!” என்று மாமா போட்ட சத்தத்தில் கோர்ட்டே சிரித்தது. கூண்டுக்குப் பக்கத்தில் போய் நின்று எல்லாம் சொன்னார். பஸ் நின்ற இடம், டிப்பர் வந்த திசை, வே பிரிட்ஜ், ரோட்டைப் பார்க்கிற கேமரா. வக்கீலம்மாவும் வாதாடினார். கேமராவில் பழைய பதிவு எப்போதோ அழிந்துவிட்டது என்று போலீஸ் தரப்பில் சொன்னார்கள். அது உண்மைதான். சில வாரத்துக்கு மேல் அதில் நிற்காதாம். வண்டி நம்பரும் இல்லை, பதிவும் இல்லை, மேற்கொண்டு விசாரிக்க எதுவும் இல்லை என்று சில நாள் கழித்து உத்தரவு வந்தது. புகார்தாரர் ஆஜரானார், கேட்கப்பட்டார், ஆட்சேபம் தள்ளுபடி.

வக்கீலம்மாவிடம் உத்தரவைக் கேட்டுக்கொண்டு திருப்பதியிலிருந்து பஸ்ஸில் ஊருக்கு வரும்போது மாமா சொன்னார்: “கூப்ட்டாங்க, போனேன். கேட்டாங்க, சொன்னேன். எல்லாம் மொறையாத்தான் நடந்துச்சி.” ஸ்ரீகாளஹஸ்தி தாண்டியது. அப்புறம், “அந்தக் கேமரா அழியறதுக்கு முன்ன கூப்ட்டிருக்கலாம் இல்ல?” என்றார். என்னைக் கேட்டாரா, தன்னையே கேட்டுக்கொண்டாரா தெரியவில்லை. மறுபடியும் சித்தூருக்குப் போகலாம் என்று வக்கீலம்மா சொல்லிப் பார்த்தார். மாமா கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு வந்துவிட்டார்.

மாமா போன வருஷம் காலமானார். அவர் பேச்சு வந்தால் சொந்தக்காரர்கள் என் கல்யாணக் கதையைச் சொல்லிச் சிரிப்பார்கள். எனக்கு நினைவுக்கு வருவது வேறொரு நாள்.

கேஸெல்லாம் முடிந்த பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, அக்காவைப் பார்க்கப் போயிருந்தேன். வாசலில் போலீஸ் ஜீப் வந்து நின்றது. “பெத்தாயனா, மீரு ராவாலி”, பெரியவரே நீங்கள் வரவேண்டும் என்று கான்ஸ்டபிள் குனிந்து கூப்பிட்டார். கூட்ரோட்டில் இன்னொரு சாவு. பிரேதத்தைப் பார்த்து, இன்ன மாதிரி இறந்திருக்கிறார் என்று ஊர்ப் பெரியவர்கள் சிலர் கையெழுத்துப் போடவேண்டும். அதற்கு ஆள் சேர்க்கிறார்கள். பெண் செத்து அத்தனை நாள் போனைக் கட்டிக்கொண்டு கிடந்தவரை, இதற்கு ஜீப் வைத்துக் கூப்பிட வந்திருக்கிறார்கள். போகாதே மாமா என்றேன். சட்டையை மாட்டிக்கொண்டு ஏறிவிட்டார். நான் பைக்கில் பின்னால் போனேன்.

சின்ன வயசுப் பையன். ஊத்துக்கோட்டைப் பக்கத்திலிருந்து பைக்கில் கம்பெனிக்கு வருகிறவனாம். அடித்த டிப்பர் நிற்கவில்லை. காகிதமெல்லாம் எழுதித் தயாராக இருந்தது. மாமா பேனாவை வாங்கவில்லை.

“பையனோட அப்பனக் கூப்டீங்களா?”

வந்துகொண்டிருக்கிறார் என்றார்கள். வரட்டும் என்று ரோட்டோரக் கல்வெர்ட் சுவர் மேல் உட்கார்ந்துவிட்டார். மற்றவர்கள் போட்டாயிற்று, இவர் போடவில்லை. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. அந்த அப்பா ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கினார். மகன் மேல் விழுந்து புரண்டார். ஆளைத் தூக்கி நிறுத்தித் தண்ணீர் கொடுத்தார்கள். புகாரில் கையெழுத்து வாங்கியானதும் எஸ்.ஐ. அவர் தோளைத் தொட்டார்.

“மேமு பிலுஸ்தாம், மீரு வெள்ளண்டி.”

அவருக்குத் தெலுங்கு தெரியவில்லை. சார் இன்னா சொல்றாரு என்று பக்கத்தில் இருந்த மாமாவைத்தான் கேட்டார்.

மாமா எழுந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார். “கூப்புட மாட்டாங்களாம்பா. நாளிக்கி காலையில நீயே வரணுமாம். யாரு போவச் சொன்னாலும் போவக்கூடாதாம். தெனிக்கும் வந்து நிக்கணுமாம்.”

அவர் சரி சரி என்று தலையாட்டினார்.

“செப்பாரா?” சொல்லிவிட்டீர்களா என்று எஸ்.ஐ. கேட்டார்.

“செப்பானண்டி” என்றார் மாமா. பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார்.